ஏழாம் பெயருக்கு வந்த விடை

பாடகர் குழுவினர் அனைவரும் ஒரே மூச்சில் “உள்ளேன்!” என்று முழங்கி ஓய்ந்த பிறகு, யாரோ ஒருவன் மட்டும், சற்றே தாமதமாக, தாழ்ந்த குரலில், தனியே “உள்ளேன்” என்றான்.

வால்புர்கா வெட்டுமேசையின் மிதியிலிருந்து காலை எடுத்தாள். ஒலிச்சுருள் நின்றது. சன்னல் இல்லாத அந்த அறையில், படச்சுருளை ஒட்டும் பசையின் அழுகிய பேரிக்காய் வாடையும், சுவரோரமாகச் செல்லும் வெந்நீர்க் குழாய் எப்போதாவது எழுப்பும் உலோக முனகலும், நடைவழியின் மறுகோடியில் யாரோ கதவைச் சாத்திய அதிர்வும் மட்டுமே எஞ்சின. கையுறை அணிந்த விரல்களால் சுருளைப் பின்னுக்கு இழுத்து, மீண்டும் மிதியை அழுத்தினாள். முரசு. பெயர். முழக்கம். அதன் பின் அவன்.

பாட வந்தவர்களில் எவனோ ஒருவன் கவனம் தவறியிருப்பான் என்றே முதலில் எண்ணினாள். பாபெல்ஸ்பெர்க் படப்பிடிப்பு வளாகத்தில், பேசும் படம் வந்த நாளிலிருந்து ஒலிச்சுருள்களை வெட்டி ஒட்டிவரும் அவளுக்கு இத்தகைய பிழைகள் புதியவை அல்ல. சுருளின் ஓரத்தில் ஒலி ஒரு வெள்ளை மலைத்தொடராகப் பதிந்திருக்கும். வேண்டாத சிகரத்தின் மீது கறுப்பு மையைத் தூரிகையால் பூசிவிட்டால், திரையரங்கில் அவ்விடத்தில் அமைதிதான் கேட்கும். மைப்புட்டியைத் திறந்து வைத்து, உருப்பெருக்கியைக் கண்ணில் பொருத்திக்கொண்டு குனிந்தாள். முழக்கத்தின் பெருமலை சரிந்து முடியும் இடத்தில் ஒரு சிறு குன்று இருந்தது. குன்றுக்கு முன்னால் ஒரு பள்ளம். சொல்லைத் தொடங்க முயன்று, மூச்சு தடைப்பட்டு, மறுபடியும் முயன்றவனுடைய பள்ளம்.

தூரிகையிலிருந்து மை மேசையில் சொட்டியது.

அந்தப் பள்ளத்தை அவள் அறிவாள். அவளுடைய மூத்த மகன் எக்கார்ட் சிறு வயதில் திக்கிப் பேசியவன். வளர்ந்து விமானியாகித் திக்கல் நீங்கிய பின்னரும், எவரேனும் தன் பெயரை உரக்க அழைத்தால், விடை சொல்வதற்கு முன்னால் மட்டும் அவனுடைய மூச்சு ஒரு கணம் தடுமாறும். எக்கார்ட் இறந்து ஒன்றரை ஆண்டு ஆகியிருந்தது.

பால்டிக் கடலோரத்தில் பயிற்சியின்போது நேர்ந்த விபத்து என்றார்கள். சவப்பெட்டியைத் திறக்கலாகாது என்றார்கள். செய்தித்தாளில் இரங்கல் அறிவிப்பு வேண்டாம், கல்லறையில் இறந்த இடத்தைப் பொறிக்க வேண்டாம், அண்டை வீட்டாரிடம் அதிகம் பேச வேண்டாம் என்று, வந்த அதிகாரி தொப்பியைக் கழற்றாமலேயே சொல்லிவிட்டுப் போனார். திரும்பி வந்த உடைகளின் தையல் மடிப்புகளில், பால்டிக் கடலோரம் கண்டிராத செம்மண் படிந்திருந்தது. ஸ்பெயினின் உள்நாட்டுப் போரில் நம் விமானிகள் எவரும் இல்லை என்று வானொலி சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. ஒரு நாடு தன் பிள்ளையை ஒளித்து அனுப்பி, ஒளித்துப் புதைத்து, பெற்றவளையே அந்தப் பொய்யை நம்பும்படி பணித்தது. அவளும் பணிந்தாள். இளைய மகன் டீட்மார் வீட்டில் இருந்தானே, அவனுக்காகப் பணிந்தாள்.

இப்போது வெட்டுமேசையில் ஓடிக்கொண்டிருந்த விமானப் படத்திற்கு இன்னும் பெயர் வைக்கப்படவில்லை. பிரசார அமைச்சகத்தில் பெயரை ஆராய்ந்துகொண்டிருந்தார்கள். கதையில் மட்டும் ஐயம் ஏதுமில்லை. அழகிய இளைஞர்கள் வானூர்தியில் ஏறுவார்கள், பாடுவார்கள், எரியும் விமானத்துக்குள்ளிருந்து புன்னகைப்பார்கள். இறுதிக் காட்சியில் தளபதி ஒருவர் முரசொலிக்கு நடுவே இறந்தவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாக அழைப்பார். அணிவகுத்து நிற்பவர்கள் இறந்தவனுக்காக “உள்ளேன்” என்பார்கள். ஒவ்வொரு நவம்பரிலும் கட்சியின் தியாகிகளுக்காக நடக்கும், வானொலியில் கேட்டுப் பழகிய சடங்குதான். சாவு என்பது ஓர் அணியிலிருந்து இன்னோர் அணிக்கு மாறிச் செல்வது மட்டுமே என்று தாய்மார்களை நம்ப வைப்பதற்கு, இதைவிடச் சிக்கனமான ஏற்பாட்டை எவரும் கண்டுபிடித்ததில்லை.

ஒலிப்பதிவு நாளில் முரசு ஏழு முறை அதிர்ந்தது. எழுதி வைத்திருந்த பெயர்களோ ஆறு. இயக்குநர் க்ரோக்மான் எரிச்சலுற்று, இன்னொரு பெயர் வேண்டும், யாராவது சொல்லுங்கள் என்று கூடத்தைப் பார்த்துக் கேட்டார். எவரும் வாய் திறவாத அந்த இடைவெளியில், மூலையில் நின்றிருந்த வால்புர்கா, “எக்கார்ட் ஹோல்ம்” என்றாள். ஹோல்ம் அவளுடைய பிறந்த வீட்டின் குடும்பப் பெயர். அங்கிருந்த எவருக்கும் அது தெரியாது. க்ரோக்மான் அதனை இரண்டு முறை சொல்லிப் பார்த்து, முரசுக்குப் பொருந்துகிறது என்று தலையசைத்தார். மகனுக்கு மறுக்கப்பட்ட இரங்கல் அறிவிப்பை, நாடு முழுவதும் எழுந்து நின்று கேட்கும்படி, அவள் திருட்டுத்தனமாகப் பெற்றுவிட்டாள். அவனை எவரேனும் ஒருமுறை உரக்க அழைக்க வேண்டும் என்பதுதான் அவளுடைய ஆசை.

அழைத்தார்கள். இதோ, விடை வந்திருந்தது.

ஒலிப்பொறியாளர் ஷ்வெங்கேயை அழைத்துவந்து கேட்கச் செய்தாள். கழுத்தில் சால்வையைச் சுற்றியிருந்த அந்தப் பருத்த மனிதர், கண்ணை மூடிக்கொண்டு மூன்று முறை கேட்டார்.

“எனக்கு ஒண்ணும் கேக்கலையேம்மா. தடிப்பசங்க எல்லாம் சேந்து கத்துறானுங்க, அவ்வளவுதான்.” பிறகு கதவை ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “எனக்கு வேற ஒரு சந்தேகம். இந்தப் படத்துல மட்டும் எரிஞ்சு சாவுறவனெல்லாம் எப்படி இவ்வளவு அழகாச் சிரிக்கிறான்? கால்ல சுடுதண்ணி பட்டா என் வாயில வர்ற வார்த்தைய எந்த மைக்ரோஃபோனும் தாங்காது.”

அவள் சிரிக்கவில்லை. அவருடைய சிரிப்பும் பாதியில் நின்றது. ஏழாம் பெயரை அவள் சொன்ன அன்று, அவர் மட்டுமே தலையைத் தாழ்த்தித் தரையைப் பார்த்தார். அவருக்கு ஏதோ புரிந்திருக்க வேண்டும்.

“வீட்டுக்குப் போம்மா. மையப் பூசிட்டு, வீட்டுக்குப் போ.”

அவர் போன பிறகு வால்புர்கா மைப்புட்டியை இறுக மூடினாள். எவருக்கும் கேட்காத ஒலியை எதற்காக அழிக்க வேண்டும்? பெட்டியைத் திறந்து பார்க்கவும் விடாதவர்கள், தெரியாத்தனமாக இந்த ஒரு சொல்லைத் தன்னிடம் விட்டுச் சென்றிருக்கிறார்கள். இதையும் தன் கையாலேயே புதைக்க அவளால் முடியவில்லை.

நோவாவெஸ் ஊரில், நெசவாளர் குடியிருப்பை அடுத்த கட்டடத்தின் மூன்றாம் மாடியில் அவர்களுடைய வீடு. கணவர் நுரையீரல் நோயில் இறந்த பிறகு தாயும் பிள்ளைகளுமாக இருந்த வீடு, இப்போது இருவருக்குப் பெரிதாகிவிட்டது. டீட்மாருக்குப் பதினேழு முடிந்திருந்தது. பொறியில்லா விமானத்தில் மலைச்சரிவிலிருந்து பறக்கும் இளைஞர் குழுவில் இருந்தான். விமானப்படையில் தானாகச் சேர, அந்த வயதில் தாயின் ஒப்புதல் தேவைப்பட்டது. குழுவில் மற்ற அனைவருடைய பெற்றோரும் ஒப்பிவிட்டார்கள். அவள் மட்டும் மாதக்கணக்கில், நாளைக்கு, அடுத்த வாரம், குளிர் போகட்டும் என்று தள்ளிவந்தாள். மகனைத் தன்னிடம் வைத்துக்கொள்ள அவளிடம் எஞ்சியிருந்த ஒரே வலிமை அந்தத் தாமதம்தான்.

அன்று இரவு உணவுக்கு உட்கார்ந்தபோது அவன் மறுபடியும் அந்தப் பேச்சை எடுத்தான்.

“என்னைப் பாத்து எல்லாரும் சிரிக்கிறானுங்கம்மா. அம்மா முந்தானைல ஒளிஞ்சவன்னு பேரு வச்சுட்டானுங்க.”

“வைக்கட்டும். பேருதானே.”

“எக்கார்ட் இருந்தா என்னைப் போக விடச் சொல்லியிருப்பான்.”

“எக்கார்ட் இருந்தா நானே விட்டிருப்பேன்டா” என்றாள் அவள்.

கறுப்பு ரொட்டியில் பிளம்பழக் களியைத் தடவிக்கொண்டிருந்த கத்தி அப்படியே நின்றது. அடுப்பில் நிலக்கரிக் கட்டி ஒன்று சரிந்து அமர்ந்தது. அவன் தலையை நிமிர்த்தி, அவளுடைய தோளுக்குப் பின்னாலிருந்த இருண்ட நடைவழியைப் பார்த்து, மரியாதையான, தெளிவான குரலில் சொன்னான்.

“உள்ளேன்.”

அவள் திரும்பி நடைவழியைப் பார்த்தாள்.

“யாருடா கூப்பிட்டா?”

“நீதானே இப்பக் கூப்பிட்ட?” என்றான் அவன், உண்மையாகவே வியந்து. பிறகு ரொட்டியைக் கடித்தான்.

அதன் பின் வந்த நாட்களில் வால்புர்கா, மற்றவர்கள் வேலை முடித்துப் போகும்வரை காத்திருந்து, கதவைத் தாழிட்டுக்கொண்டு அந்தச் சுருளை ஓட்டினாள். முதலில் அது துயரத்தின் இனிமையாக மட்டுமே இருந்தது. மகனின் குரல் கேட்கும், மேசையின் விளிம்பில் நெற்றியை வைத்துக்கொள்வாள், மீண்டும் கேட்பாள். அவன் சிறுவனாக இருந்தபோது காய்ச்சலில் படுத்திருந்த இரவுகளில் ‘இருக்கியா?’ என்று இருட்டில் கேட்டால், ‘இருக்கேன்’ என்று திக்கித் திணறிச் சொல்லுவானே, அதைப் போலவே இருந்தது. நடைவழியில் விளக்குகளை அணைத்துக்கொண்டு காவலாளி கடந்து செல்லும் காலடி ஓய்ந்ததும், உலகத்தில் அவளும் அந்த ஒரு சொல்லும் மட்டுமே இருந்தார்கள். அவள் தனியாக இல்லை.

ஆயினும், ஒவ்வொரு முறையும் குரல் சிறிது நெருங்கி வந்தது. முதலில் கூடத்தின் கடைசி வரிசையிலிருந்து வந்தது, பிறகு நடுவரிசையிலிருந்து வந்தது. அதன் பிறகு ஒலிவாங்கியின் முகத்திலேயே வாயை வைத்துப் பேசுவது போல, உதடுகள் பிரியும் ஈர ஓசையோடு வந்தது. உருப்பெருக்கியில் பார்த்தால் குன்று வளர்ந்திருந்தது. பதிந்துபோன சுருளில் எதுவும் வளர இயலாது என்பதை அவளைவிட நன்கறிந்தவர் அவ்வளாகத்தில் எவருமில்லை. அறிந்திருந்தும், அதனை மகிழ்ச்சியாகவே ஏற்றுக்கொண்டாள். பிள்ளை அருகில் வருகிறான் என்றுதான் நினைத்தாள்.

ஒரு மாலை, சுருளை நிறுத்த மறந்துவிட்டாள்.

ஏழாம் பெயர் முடிந்தது. முழக்கம் முடிந்தது. எக்கார்ட்டின் விடையும் முடிந்தது. அதற்கு மேல் வெற்றுச் சுருள்தான்; வெறும் இரைச்சல்தான். மிதியின் மேல் கால் மரத்துப்போய்க் கிடந்தது. இரைச்சலுக்கு அடியில் காற்று வீசியது. காற்றுக்கு அடியில் பலர் நிற்கும் ஓசை, தோல் வார்களும் காலணிகளும் மெல்லக் கிறீச்சிடும் ஓசை. வரிசை முழுவதும் எதற்காகவோ காத்திருந்தது.

முரசு அதிர்ந்தது.

எட்டாம் முறை.

பிறகு ஒரு மூச்சு தடைப்பட்டது. மீண்டும் முயன்றது. தளபதியாக நடித்தவரின் குரல் அல்ல அது.

“டீ... டீட்மார்.”

அவள் மிதியிலிருந்து காலை எடுத்தாள். மேசை நின்றது. அந்தப் பெயர் மட்டும் அறையில் சிறிது நேரம் ஒலித்துக்கொண்டே இருந்தது.

அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. எக்கார்ட் தாயிடம் வரவில்லை. வரிசையில் நின்றுகொண்டிருக்கிறான். அழைத்தவர்களின் சொற்படி நின்றுகொண்டிருக்கிறான். வரிசையில் நிற்பவனுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான்: அடுத்த பெயரைக் கூப்பிட வேண்டும். கொடுமைக்காரர்கள் அவனுக்குச் சாவில்கூட வேறு எதையும் கற்றுக்கொடுக்கவில்லை.

மைப்புட்டியைத் திறந்தாள். உருப்பெருக்கியைப் பொருத்திக்கொண்டாள். கண்ணீர் கண்ணாடியில் படிந்து மலைகளை மங்கச் செய்தது, துடைத்துவிட்டுத் தொடர்ந்தாள். முதலில் எட்டாம் முரசைப் பூசினாள். அடுத்துச் சின்ன மகனின் பெயரைப் பூசினாள். பிறகு நெடுநேரம், தூரிகையைக் கையில் பிடித்தபடி, எக்கார்ட்டின் குன்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அதற்கு முன்னாலிருந்த பள்ளத்தைப் பார்த்தாள். தன் மடியில் உட்கார்ந்து அவன் சொற்களோடு போராடிய நாட்கள் அனைத்தும் அந்தப் பள்ளத்தில்தான் இருந்தன.

“மன்னிச்சுக்கடா கண்ணு” என்றாள். பூசினாள்.

மை காய்ந்த பிறகு ஓட்டிப் பார்த்தாள். முரசு, பெயர், முழக்கம், அமைதி. வெறும் அமைதி. இரண்டாம் முறையாக அவனைப் புதைத்துவிட்டாள். இம்முறை அவளே மண் தள்ளினாள். மறுநாள் பிற்பகல், அமைச்சகத்திலிருந்து வந்தவர்கள் அந்தக் காட்சியைப் பார்த்துக் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள் என்றும், எட்டு வயதுப் பிள்ளையும் இதைப் பார்த்தால் பறக்கப் புறப்பட்டுவிடுவான் என்று ஒருவர் மகிழ்ந்து சொன்னார் என்றும் க்ரோக்மான் வந்து தெரிவித்தார். அவளுடைய கையைப் பிடித்துக் குலுக்கினார். கையுறையில் இருந்த மை அவருடைய விரலில் ஒட்டிக்கொண்டது.

அன்று மாலை அப்பகுதி முழுவதும் இருட்டடிப்பு ஒத்திகை. வால்புர்கா இரயிலிலிருந்து இறங்கியபோதே தெருவிளக்குகள் அணைந்திருந்தன. சன்னல்கள் கறுப்புத் தாளுக்குப் பின்னால் குருடாகியிருந்தன. உருகாத பனி மட்டும் நடைபாதையின் ஓரத்தில் சாம்பல் நிறமாகத் தெரிந்தது. எங்கோ தொலைவில் சங்கு ஊதி ஓய்ந்தது. சுவரைத் தடவிக்கொண்டு நடந்தவர்கள் ஒருவர் மீது ஒருவர் மோதி, தாழ்ந்த குரலில் வருத்தம் தெரிவித்துக்கொண்டு விலகினார்கள். மாடிப்படியின் அடியில், நீலத்தாள் சுற்றிய கைவிளக்கோடு, கட்டடத்தின் பொறுப்பாளரான பிலாஷ்கே என்ற பெண்மணி மணல் வாளிகளுக்கு நடுவே அமர்ந்திருந்தாள்.

“சீக்கிரம் மேல போங்க. உங்க வீட்டு நடைவழி விளக்கு வெளிய தெரியுதுன்னு சொல்லி நான்தான் அணைக்க வச்சேன். ஒத்திகைன்னா அவனவன் வீட்டுல அடங்கி இருக்கணும். உங்க பையன் என்னடான்னா சேக்காளிங்களைக் கூட்டி வச்சிருக்கான்.”

“சேக்காளிங்களா?”

“பின்ன? தலைக்கு மேல அத்தனை பூட்ஸ் சத்தம். ஒரு பட்டாளமே நிக்கிற மாதிரி.”

வால்புர்கா அந்த விளக்கை அவளுடைய கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு ஓடினாள். பின்னால் அந்தப் பெண்மணி திட்டுவது கேட்டது. முதல் மாடி. முட்டைக்கோசு வெந்த வாடை. இரண்டாம் மாடி. யாருடைய வீட்டிலோ குழந்தை அழுதது. மூன்றாம் மாடியில் எந்த வாடையும் இல்லை; எந்த ஓசையும் இல்லை. கதவு தாழிடப்படாமல் சாத்தியிருந்தது. தள்ளினாள்.

நீண்ட நடைவழி. இருட்டு. அடுப்பு எரியும் வீட்டில் இருக்கக்கூடாத குளிர், மிக உயரத்தில் வீசும் காற்றின் குளிர். விளக்கைத் தூக்கிப் பார்த்தாள். நீல ஒளி அவளுடைய காலடியைத் தாண்டிச் செல்லவில்லை. சமையலறையில் கடிகாரம் ஓடுவதுகூடக் கேட்கவில்லை. மகன் எங்கே என்பது ஒன்றே அவள் நெஞ்சில் இருந்தது. சுருளில் அந்தப் பெயரை அழித்துவிட்டோம். இனி எவரும் கூப்பிட இயலாது. எவராலும் இயலாது.

இருட்டில் பிள்ளையைத் தேடும் எந்தத் தாயும் செய்வதையே அவளும் செய்தாள்.

“டீட்மார்!”

எட்டாம் பெயரைத் தானே கூப்பிட்டுவிட்டதைச் சொன்ன பிறகே உணர்ந்தாள். வாயைக் கையால் பொத்திக்கொண்டாள்.

“உள்ளேன்!”

மிக அருகில். வலப்பக்கச் சுவரோரம். தெளிவான, இளைய, அச்சமற்ற குரல்.

ஒரு மூச்சு தடைப்பட்டது.

அவனுக்குப் பக்கத்திலிருந்து, தாமதமாக, தாழ்ந்த குரலில், இன்னொரு “உள்ளேன்.”

விளக்கைத் திருப்பினாள். டீட்மார் சுவரில் முதுகு படாமல் நிமிர்ந்து நின்றான். குதிகால்கள் சேர்ந்திருந்தன. கைகள் தொடையோடு ஒட்டியிருந்தன. முகம் மேல்நோக்கி உயர்ந்திருந்தது. எரியும் விமானங்களுக்குள் அந்த அழகிய இளைஞர்கள் புன்னகைப்பார்களே, அந்தப் புன்னகை அவனுடைய உதடுகளில் இருந்தது. கண்களிலிருந்து மட்டும் நீர் நிற்காமல் வழிந்து கழுத்துப்பட்டைக்குள் இறங்கிக்கொண்டிருந்தது.

“வாடா” என்றாள். அவனுடைய கையைப் பற்றி இழுத்தாள். அசையவில்லை. மரம் போல இருந்தது. சில்லிட்டிருந்தது.

அவனுடைய வலக்கைச் சட்டையில், முழங்கைக்குச் சற்று மேலே, துணி உள்வாங்கிக் குழிந்திருந்தது. வரிசையை நேராக்குவதற்காக அருகில் நிற்பவன் தன் முழங்கையால் அழுத்துவானே, அப்படி. அங்கே யாரும் இல்லை. அதற்கு அப்பால், நடைவழியின் சுவர் நெடுகிலும் ஆணிகளில் மேலங்கிகள் தொங்கின. அவளுடைய கண்முன்னே முதல் அங்கி மெல்லச் சுவரோடு ஒதுங்கித் தட்டையாயிற்று. அடுத்தது ஒதுங்கியது. அதற்கடுத்தது. யாரோ ஒவ்வொருவராக வந்து, முதுகைச் சுவர்ப்பக்கம் வைத்து, நின்றுகொண்டிருந்தார்கள்.

சட்டையின் குழி ஆழமாயிற்று. டீட்மார், புன்னகை மாறாமல், அவளுடைய கையிலிருந்து நழுவி, வரிசைக்குள் அரையடி நகர்ந்தான்.